சத்தத்துல கேக்கல

சத்தத்தை அளப்பதுதான் என் பிழைப்பு. இதைச் சொன்னால் ஸ்ரீவில்லிபுத்தூரில் எங்கள் தெருவில் இன்றைக்கும் சிரிக்கிறார்கள். "ஏட்டி இவாஞ்சலின், எங்க மாமியாவையும் செத்த அளந்துட்டுப் போ" என்று கேலி வேறு. சிரிக்கட்டும். மில்லிலும் தறி ஷெட்டிலும் சத்தம் அளவு மீறினால் வேலை பார்க்கிறவர்களுக்குக் காது போய்விடும். மீட்டரை வைத்துப் பார்த்து, இத்தனை சத்தம் இருக்கிறது, சரி, சரியில்லை என்று எழுதிக் கொடுக்க ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் நான்.

அன்று காலை ஸ்கூட்டியில் இராஜபாளையம் போனேன். ஊரைத் தாண்டி சோழபுரம் ரோட்டில் உள்ளே தள்ளி இருந்தது அந்த ஷெட். பேண்டேஜ் துணி நெய்கிற இடம். பழைய ஓட்டுக் கூரை, வேப்பமரம், அதனடியில் வரிசையாகப் பெண்களின் செருப்புகள். இது மாதிரி நூறு ஷெட் பார்த்திருக்கிறேன். கதவைத் திறந்ததும் சத்தம் நெஞ்சில் கை வைத்துத் தள்ளியது. கஞ்சி வாசமும் மெஷின் எண்ணெயும் கலந்த காற்று, அதில் மிதக்கிற பஞ்சு, எங்கே பார்த்தாலும் வெள்ளைத் துணி.

சூப்பர்வைசர் சம்பத்குமார் கழுத்தில் அடையாள அட்டை ஆட ஓடி வந்தார். காதோடு வாய் வைத்துக் கத்தினார்.

"அந்தக் கடைசி வரிசையை மட்டும் பாருங்க மேடம்! ஒண்ணுமில்லன்னு எழுதிக் குடுத்துருங்க! அடுத்த வாரம் வெளிநாட்டுப் பார்ட்டி வருது!"

கடைசி வரிசைத் தறிகள் மட்டும் ஓடாமல் நின்றன. அவற்றின் மேல் பஞ்சு படிந்து கிடந்தது. மற்ற வரிசைகளில் பெண்கள் வேலை பார்த்துக்கொண்டே பேசிக்கொண்டிருந்தார்கள். சத்தமில்லாமல். தறி ஷெட்டில் அதுதான் வழக்கம். அந்த இரைச்சலில் தொண்டை கிழியக் கத்தினாலும் பக்கத்து ஆளுக்குக் கேட்காது. அதனால் வாயசைப்பார்கள், விரலைக் காட்டுவார்கள். ஷெட்டின் இந்தக் கோடியில் ஒருத்தி வாயசைத்தால் அந்தக் கோடியில் இருக்கிறவள் சிரிப்பாள்.

மீட்டரைப் பிடித்துக்கொண்டு கடைசி வரிசையை நோக்கி நடந்தேன். எண் கூடியது, குறைந்தது, எல்லாம் வழக்கம்போலத்தான்.

மூலைத் தறிக்குப் பின்னால் ஒரு அடி எடுத்து வைத்தேன்.

சத்தம் நின்றுவிட்டது.

தறிகள் ஓடிக்கொண்டுதான் இருந்தன. என் கண் முன்னால் நூலைக் கொண்டுபோகிற நாடா இங்கும் அங்கும் பாய்கிறது, பெண்களின் கை அசைகிறது, தரை உள்ளங்காலில் அதிர்கிறது. சத்தம் மட்டும் இல்லை. மீட்டரில் எண் மடமடவென்று இறங்கிச் சுழியில் நின்றது. பூட்டிய வீட்டில்கூடச் சுழி வராது. என் மூச்சு எனக்குக் கேட்கவில்லை. "ஏசுவே" என்றேன். உதடு அசைந்தது தெரிந்தது. குரல் வரவில்லை.

அப்போது மரிக்கொழுந்து வாசம் வந்தது. கஞ்சியும் எண்ணெயும் நாறுகிற இடத்தில் அப்போதுதான் பறித்த மரிக்கொழுந்து. என் பிடரிக்கு மிக அருகில்.

பின்னால் ஓர் அடி வைத்தேன். இரைச்சல் காதில் வந்து அறைந்தது.

சத்தம் என்பது அலை. கண்மாயில் இரண்டு பக்கமும் கல்லைப் போட்டால் இரண்டு அலை புறப்பட்டு வரும். ஒன்றின் மேடும் மற்றதின் பள்ளமும் சேருகிற இடத்தில் தண்ணீர் அசையாமல் நிற்கும். சத்தத்துக்கும் அப்படி நேர்வதுண்டு. விலை கூடிய ஹெட்போனெல்லாம் இந்த முறையில்தான் வெளிச்சத்தத்தை அடக்குகின்றன. ஆனால் அடங்கும், அவ்வளவுதான். அடியோடு செத்துப்போகாது. இத்தனை தறி இத்தனை விதமாய் அலறுகிற இடத்தில் சாகவே சாகாது. இதைப் படித்துத்தான் நான் பட்டம் வாங்கினேன்.

"பேட்டரி போயிருக்கும் மேடம்" என்று காதில் கத்தினார் சம்பத்குமார். முகத்தில் சிரிப்பு இருந்தது. ஆனால் அவர் அந்த மூலைக்குள் கால் வைக்கவில்லை என்பதையும் கவனித்தேன்.

தண்ணீர் குடிக்க வெளியே வந்தேன். நடுவயதுப் பெண் ஒருத்தி குழாயடியில் செம்பில் தண்ணீர் பிடித்துக் கொடுத்தாள். ஏசம்மாள், அங்கே தறி ஓட்டுகிறவள்.

"அங்கன மரிக்கொழுந்து வாசம் வந்துச்சா தாயி?"

எனக்குத் தண்ணீர் புரையேறியது.

"வந்திருக்கும். எங்க அய்யம்மாவுக்கு அது இல்லாம விடியாது. கூமாப்பட்டியில இருந்து வரும்போதே தலையில வச்சிட்டுத்தான் வருவா."

"யாரு அய்யம்மா?"

அவள் சொன்னாள். கடைசி வரிசைத் தறிகள் எல்லாவற்றையும் ஓட்டுவது அடியில் சுழன்றபடி போகிற ஒரே இரும்புத் தண்டு, ஷாஃப்ட். அதில் பஞ்சு சுற்றிக்கொண்டால் யாராவது கீழே நுழைந்து எடுக்க வேண்டும். நுழைகிறவள் அந்த வரிசையின் சுவிட்சை அணைத்து, கைப்பிடியில் தன்னுடைய சிவப்புத் துணியைக் கட்டிவிட்டுப் போவாள். எல்லாமே வெள்ளையான இடத்தில் அது கண்ணில் அறையும். கட்டியவள்தான் அவிழ்க்க வேண்டும். வேறு யாரும் தொடக் கூடாது. ஒவ்வொருத்தியும் தன் துணியை வீட்டிலிருந்து கொண்டுவருவாள். அய்யம்மாளின் துணி அவள் மகள் சின்ன வயதில் போட்ட பாவாடையில் கிழித்தது. சிவப்பில் மஞ்சள் பொட்டு.

போன ஆடியில் அய்யம்மாள் ஷாஃப்ட்டுக்கு அடியில் இருக்கும்போது வரிசை ஓடத் தொடங்கியது. சேலை சுற்றிக்கொண்டது. மற்ற வரிசைகளின் இரைச்சலில் அவள் கத்தியது யாருக்கும் கேட்கவில்லை.

"போலீஸ் வந்து கேட்டாவ. 'அவ துணியே கட்டல சார், அவளே அணைக்காம நுழைஞ்சிட்டா, கத்துனது சத்தத்துல கேக்கல'ன்னு சம்பத்குமார் சொன்னாவ. முதலாளியும் ஆமான்னுட்டாவ. நாங்க தேடுனோம் தாயி, அந்தத் துணியைக் காணவே காணோம். அய்யம்மா துணி கட்டாம நுழையவே மாட்டா. இப்ப அவ மக வெங்கடேஸ்வரியைப் பாத்து ஊரே சொல்லுது, ஒங்கம்மா அசட்டையில செத்தான்னு. அந்தப் பிள்ளை வெளிய தலை காட்டுறதில்ல."

செம்பை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள்.

"அங்கன போனா சத்தம் செத்துப்போகுதுன்னு நாங்க யாரும் அந்த வரிசையை ஓட்டுறதில்ல. நீங்க ஒண்ணுமில்லன்னு எழுதிக் குடுத்தா அந்த வரிசை ஓடும். அவ மேல போட்ட பழி அதோட நெலச்சிரும். அதுக்குத்தான் ஒங்களைக் கூப்பிட்டிருக்காவ."

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. பேய்க்குப் பயந்தேனோ இல்லையோ, என்னை வைத்துப் பொய்க்கு முத்திரை குத்தப் பார்க்கிறார்களே என்ற கோபம். திரும்ப உள்ளே போனேன். செம்போடு ஏசம்மாளும் வந்தாள்.

"எழுத முடியாது சார்!" என்று சம்பத்குமாரின் காதில் கத்தினேன். "அங்கே என்னமோ இருக்கு!"

அவர் முகம் மாறியது. "படிச்ச பொம்பள நீங்களுமா? குடுங்க அதை!" மீட்டரைப் பிடுங்கினார். "நான் கொண்டுபோய் வச்சுக் காட்டுதேன். ஒண்ணுமில்லன்னு ஒங்க மெஷினே சொல்லும்!"

ஏசம்மாள் தன் இடுப்பில் செருகியிருந்த சிவப்புத் துணியை எடுத்து நீட்டினாள். கட்டிவிட்டுப் போங்கள் என்று வாயசைத்தாள். நெஞ்சில் வஞ்சம் இருந்தாலும் வழக்கத்தை விடவில்லை. அவர் அதைத் தட்டிவிட்டார். "நிமிஷ வேலை, துணி எதுக்கு!"

மூலைத் தறிக்குப் பின்னால் போய், ஷாஃப்ட்டுக்குப் பக்கத்தில் குனிந்து, மீட்டரைத் தரையில் வைத்தார். எங்களைப் பார்த்துச் சிரித்தார்.

சிரிப்பு பாதியில் நின்றது.

பக்கவாட்டில் எதையோ பார்த்தார். அங்கே சுவர்தான் இருந்தது.

கடைசி வரிசைத் தறிகள் மெல்ல அசைந்தன.

மேலே படிந்திருந்த பஞ்சு உதிர்ந்தது. ஷாஃப்ட் சுற்றத் தொடங்கியது. வழக்கமான வேகத்தில் அல்ல. மெதுவாக, மிக மெதுவாக, யாரோ கையால் சுற்றுவது மாதிரி. அவர் கழுத்திலிருந்து தொங்கிய அட்டையின் கயிறு அதில் ஒரு சுற்றுச் சுற்றியது. அவர் இழுத்தார். இன்னொரு சுற்று.

அவர் வாய் திறந்தது. தொண்டை நரம்பு புடைத்தது. கத்துகிறார். பத்தடி தூரத்தில் நிற்கிறேன்.

அவரிடமிருந்து ஒரு சத்தமும் இல்லை.

சுவிட்சுக்கு ஓடினேன். கைப்பிடி மேலே ஏறி, ஓடும் நிலையில் இருந்தது. அதைச் சுற்றிச் சிவப்புத் துணி. முடிச்சின் மேல் முடிச்சு, அதன் மேல் இன்னொரு முடிச்சு. கைப்பிடியை இறக்க முடியாதபடி கட்டப்பட்டிருந்தது. நகம் பிய்ந்து ரத்தம் வரும்வரை இழுத்தேன். அசையவில்லை. அப்போதுதான் பார்த்தேன்.

சிவப்பில் மஞ்சள் பொட்டு.

"யாராவது வாங்களேன்!" என்று அலறினேன். திரும்பிப் பார்த்தால், எல்லா வரிசைப் பெண்களும் தறியை விட்டு நிமிர்ந்து நின்றார்கள். யாரும் அசையவில்லை. எல்லார் கண்ணும் அவர் வாயின் மேல் இருந்தது.

ஏசம்மாள் என் தோளைப் பிடித்து நிறுத்தினாள். காதோடு வாய் வைத்தாள். சர்ச்சில் வேதபாடம் வாசிக்கிற குரலில், அவர் வாயைப் பார்த்துப் பார்த்துச் சொன்னாள்.

"அய்யம்மா, விட்டுரு... அய்யம்மா, ஒன் கால்ல விழுதேன்... துணி கட்டித்தான் இருந்துச்சு. நான் பாத்தேன். நாந்தான் அவுத்தேன்..."

ஷாஃப்ட் நின்று கேட்பது போல ஒரு கணம் தயங்கியது.

"...முதலாளிதான் ஓட்டச் சொன்னாவ. லாரி நிக்குதுன்னாவ. அவ உள்ள இருக்கான்னு சொன்னேன். பொறவு பாத்துக்கலாம், ஓட்டுன்னாவ... நீ கத்துனது எனக்குக் கேட்டுச்சு அய்யம்மா. கேட்டுச்சு..."

ஏசம்மாளின் குரல் அங்கே உடைந்தது.

அவர் பெண்களின் பக்கம் கையை நீட்டினார். அவர் உதடு சொன்னது எனக்கே புரிந்தது. காப்பாத்துங்க.

ஏசம்மாள் ஒரு கையைத் தூக்கித் தன் காதைத் தொட்டாள். பிறகு விரித்த கையை இப்படியும் அப்படியும் ஆட்டினாள்.

சத்தத்துல கேக்கல.

அவளுக்குப் பின்னால் ஒருத்தி காதைத் தொட்டாள். இன்னொருத்தி தொட்டாள். வரிசை வரிசையாக, அலை பரவுவது போல, ஷெட்டின் அந்தக் கோடிவரை எல்லாக் கைகளும் காதுக்கு உயர்ந்தன.

ஷாஃப்ட் வேகம் எடுத்தது.

நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

மற்றத் தறிகளை யார் நிறுத்தினார்கள் என்று தெரியவில்லை. கண்ணைத் திறந்தபோது ஷெட் முழுவதும் அமைதி. கைப்பிடி கீழே இறங்கி இருந்தது. துணி இல்லை. தரையில் ஏசம்மாள் வைத்திருந்த செம்பில் தண்ணீர். ஒரு தறியும் ஓடவில்லை, ஒரு ஆளும் நடக்கவில்லை. ஆனாலும் அந்தத் தண்ணீரில் வட்டம் வட்டமாக அலை எழுந்து விளிம்பில் முட்டிக்கொண்டே இருந்தது.

சாயங்காலம் வீட்டில் குக்கரை அடுப்பில் வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தேன். போலீஸ் என்னை மறுநாள் வரச் சொல்லியிருந்தது. வெளியாள் நான் ஒருத்திதான். பெண்கள் சொன்னால் கதை கட்டிவிட்டார்கள் என்பார்கள், நான் சொன்னால் நிற்கும். அது எனக்குத் தெரியும். முதலாளிக்கும் தெரிந்திருந்தது. போன் வந்தது.

"இவாஞ்சலின் மேடம், பாவம், பயந்திருப்பீங்க" என்றது இதமான குரல். "சம்பத்குமார் அசட்டையா நுழைஞ்சிட்டான், வேற ஒண்ணையும் பாக்கலன்னு சொல்லிருங்க. அந்தப் பொம்பள கேஸ் மாதிரியே முடிஞ்சிரும். இந்த ஜில்லாவுல நீங்க தொழில் பண்ணணும்ல?"

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். பயந்துவிட்டேன். 'சரி சார்' என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

குரல் வரவில்லை.

மேலே மின்விசிறி சுற்றியது, சத்தமில்லை. அடுப்பில் குக்கரின் வெயிட்டைத் தூக்கிக்கொண்டு ஆவி பீறிட்டது, விசில் இல்லை. கூடத்தில் டிவியில் ஆட்கள் வாயை வாயை அசைத்தார்கள்.

மரிக்கொழுந்து வாசம்.

மேசையில் இருந்த மீட்டர் பெட்டியைப் பார்த்தேன். நான் பூட்டி வைத்த பெட்டி. அதன் கைப்பிடியில் சிவப்புத் துணி ஒன்று தொங்கியது. கட்டவில்லை, சும்மா போட்டிருந்தது. கட்டுவதா வேண்டாமா என்று ஒருத்தி யோசிப்பது போல.

"அய்யம்மா" என்று உதட்டை மட்டும் அசைத்தேன். அவளுக்குப் புரியும். "நான் சொல்லிருதேன். சம்பத்குமார் சொன்னது அம்புட்டையும் சொல்லிருதேன். ஒன் மக தலை நிமிரட்டும்."

குக்கர் வீலென்று கத்தியது.

மின்விசிறி, டிவி, தெருவில் போகிற பைக், எல்லாச் சத்தமும் ஒன்றாக வந்து விழுந்தன. பெட்டியின் கைப்பிடி வெறுமையாக இருந்தது. போனில் முதலாளி இன்னும் பேசிக்கொண்டிருந்தார்.

"லைன்ல இருக்கீங்களா? என்ன மேடம் சொல்லுதீங்க?"

"பாத்ததைச் சொல்லப் போறேன் சார்" என்றேன். "துணி கட்டியிருந்துச்சு. ஓட்டச் சொன்னது நீங்க."

இதமெல்லாம் போய்விட்டது. "ஏட்டி, யார்ட்ட பேசுதன்னு தெரியுமா? ஒன்னைய நான்..."

வார்த்தை பாதியில் அறுந்தது.

"ஹலோ" என்றேன். பதில் இல்லை. அவருக்குப் பின்னால் இரைந்துகொண்டிருந்த ஏசியின் சத்தமும் இல்லை. மூச்சும் இல்லை. லைன் போய்விட்டது என்று நினைத்துப் போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தேன்.

போகவில்லை. திரையில் நொடி ஓடிக்கொண்டே இருந்தது.