முத்திரையிட்ட தொட்டி

காலை 9.10. ஈய முத்திரையை வெட்டித் தொட்டியின் மூடியைத் தூக்கினார்கள். தஹானி குனிந்து பார்த்தாள். தண்ணீருக்குள் ஒரு ஜாடி கிடந்தது. அவளுடைய ஜாடி அல்ல.

முந்நூறு மீட்டர் ஆழத்தில், மூழ்கிய கப்பலுக்குள் தன் ஜாடி கிடந்த கிடையை ரோபோ கேமராவில் நூறு படம் எடுத்த தொல்லியலாளர் அவள். கைப்பிடிக்குக் கீழே குயவனின் கட்டைவிரல் தடம் இருக்கும். இதில் இல்லை.

"போலி," என்றாள். வேறு யாரோ சொன்னதுபோல் கேட்டது.

அலெக்சாந்திரியாவின் அந்த ஆய்வுக்கூடத்தில் ஜாடி அவள் கணவன் வக்தியின் பொறுப்பில் இருந்தது. மேலே கொண்டுவந்த மறுநாள் நண்பகல், வக்திக்கு மாரடைப்பு. இறந்தவரின் பொறுப்பிலிருந்ததை அன்றைக்கே முத்திரையிட்டுவிடுவார்கள். நாற்பதாம் நாள் துக்கம் கழிந்துதான் திறந்து சரிபார்ப்பார்கள்.

கிடங்குப் பொறுப்பாளர் ஷுக்ரி செருமினார். "முத்திரை அப்படியே இருந்துச்சு டாக்டர். அதுக்கு முன்னாடியே மாத்தியாச்சு. அல்லா அவரை மன்னிக்கட்டும்."

"செத்தவரை எவ்வளவு தாராளமா மன்னிக்கிறீங்க உஸ்தாஸ் ஷுக்ரி!" என்றாள் லமீஸ், வக்தியோடு ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தவள்.

போலீஸ் அதிகாரி ஹாஸிம் நிமிர்ந்தார். "ஈயத்தை அழுத்தி முத்திரை வைக்கிற குறடு யார்கிட்ட?"

"என் மேஜையில. லமீஸும் எடுப்பா," என்றார் ஷுக்ரி.

"பாதாம் உடைக்க," என்று சிரித்தாள் லமீஸ்.

"சிரிக்காதேம்மா. அறிக்கையில வக்தி பேரைத்தான் எழுதணும் போலிருக்கு." ஹாஸிம் தஹானியைப் பார்க்காமலே சொன்னார்.

கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. நாற்பது நாளாகச் சோறும் தேநீரும்கூட அவள் வாயில் காகிதமாகத்தான் இருந்தன.

தொட்டியில் விரலை நனைத்து நாக்கில் வைத்தாள்.

கரித்தது. நாற்பது நாளில் நாக்குக்குத் தெரிந்த முதல் ருசி.

"மூடியில தொங்குற சீட்டைப் படிங்க."

ஹாஸிம் படித்தார். வக்தி கடைசி நாள் எழுதியது: "காலை எட்டு மணி. நல்ல தண்ணீர் மாற்றியாயிற்று."

"இப்ப கரிக்குது. புதுப் பானை உப்பு விடாது. ரெண்டாயிரம் வருஷம் கடல்ல கிடந்ததுதான் விடும், அதுவும் நாள்கணக்கா. முத்திரை வெச்சப்புறமும் நிஜ ஜாடி இதுலதான் ஊறியிருக்கு. பிறகுதான் யாரோ அதை எடுத்துட்டு, புது ஈயம் போட்டிருக்காங்க."

"குறடு ரெண்டு பேருக்கும் எட்டும்," என்றார் ஹாஸிம்.

"லமீஸுக்கு இப்படி உப்பு விடும்னு தெரியும். திருடியிருந்தா முதல்ல தண்ணியை மாத்தியிருப்பா." தஹானி ஷுக்ரியிடம் திரும்பினாள். குரல் உயரவில்லை. "காயவிட்டீங்களா? காஞ்சா உப்பு பூத்து, தோல் தோலா உரியும்."

"வெள்ளையா பூத்துது... துடைச்சிட்டேனே..." ஷுக்ரியின் வாய் திறந்தபடி நின்றது.

லமீஸ் சிரிக்கவில்லை.

11.40. ஷுக்ரியின் வீட்டு அலமாரியிலிருந்து ஜாடி வந்தது. கட்டைவிரல் தடத்தில் பாதி உதிர்ந்திருந்தது. தஹானி அதை நல்ல தண்ணீரில் இறக்கினாள். சீட்டில் வக்தியின் வரிக்குக் கீழே நேரத்தை எழுதினாள்.

"எத்தனை நாள் ஊறணும் டாக்டர்?" என்றார் ஹாஸிம்.

"உப்பு முழுக்க வெளிய வர்ற வரைக்கும்."

லமீஸ் தேநீர்க் குவளையை நீட்டினாள். தஹானி வாங்கவில்லை. அந்தக் கரிப்பு நாக்கில் இன்னும் இருந்தது.