புரட்டாசி ஐஸில் மீன் வாடை

ஜோதி துணிப்பையும் கையுமாகக் கடைக்குள் வந்தபோது ஜெயசீலன் ஒரு பழைய ஃபிரிட்ஜுக்குள் தலையை விட்டபடி அரைத்தூக்கத்தில் இருந்தான். ஆம்பூரின் ஞாயிற்றுக்கிழமைத் தூறல் எப்பேர்ப்பட்ட மெக்கானிக்கையும் கிறங்கடித்துவிடும்.

"அண்ணா, எங்க ஃப்ரீசர்ல மீன் வாடை. மூணு நாளா சோடா உப்பு, எலுமிச்சம்பழம், காப்பித்தூள்னு எல்லாம் வெச்சுப் பாத்துட்டேன். போகல. புரட்டாசியில திருட்டுத்தனமா மீன் வாங்கி வெச்சேன்னு அத்தை சொல்றாங்க. அம்மா வீட்டுக்குப் போன்னுட்டாங்க. மூணு மணி குடியாத்தம் பஸ்ஸுக்குப் போறேன். அதுக்குள்ள, நான் வைக்கலன்னு யாராச்சும் சொன்னா போதும்."

"கேஸ் லீக்!" என்றான் ஜெயசீலன். எந்த ஃபிரிட்ஜுக்கும் அவன் முதலில் சொல்வது அதுதான்.

ஸ்டூலில் உட்கார்ந்திருந்த மக்பூல் அகமது சிரித்தார். தோல் தொழிற்சாலையில் நாற்பது வருஷம் தோலைத் தடவியும் மோந்தும் தரம் பிரித்தவர். "கேஸ் லீக்குக்கு மீன் வாடை வராதுப்பா. வா, பாக்கலாம்."

ஜோதி வீட்டு வாசலில் பளபளவென்று புது கறுப்பு ஷூ ஒரு ஜோடி. கூடத்தில் மாமியார் அமிர்தவள்ளி முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நின்றாள். ஜோதியின் கணவனும் ஷூ கம்பெனி சூப்பர்வைசருமான கௌதம், குதிகாலில் பிளாஸ்திரியோடு எழுந்து வந்தான்.

"உங்களுக்கு எதுக்கு பாய் பேஜாரு? எண்ணெய் வாடைதானே, தானா போய்டும்."

மக்பூல் ஃப்ரீசரைத் திறந்தார். வெள்ளைப் புகை மெல்ல வழிந்து இறங்கியது. ஏலகிரி மேகத்துக்குள் நிற்பது போல ஜெயசீலனுக்குச் சொக்கியது. பின்னாலேயே அந்த வாடையும் வந்து அவனை எழுப்பிவிட்டது.

கிழவர் கண்ணை மூடி வெகுநேரம் மோந்தார். பிறகு அடியில் படிந்திருந்த கெட்டி ஐஸை விரலால் தடவினார். அதில் நீளமாக ஒரு பள்ளம். விளிம்போரம் ஒரே இடைவெளியில் சின்னச் சின்னப் புள்ளிகள்.

"இந்த ஐஸை உருக வெச்சியாம்மா?"

"இல்ல பாய். கரண்ட்டை நிறுத்தினா பால் கெட்டுடும்னு அத்தை சொன்னாங்க. மேலாக்கத் துடைச்சேன்."

"அதான். வாடை பெட்டியில இல்ல, ஐஸுக்குள்ள இருக்குது."

எல்லோரும் கூடத்துக்கு வந்தார்கள். மக்பூல் நிதானமாக ஆரம்பித்தார்.

"மீன் வெச்ச இடம்னா செதில் ஒண்ணாச்சும் ஒட்டியிருக்கும். ஒண்ணுமில்ல. ஐஸ்ல பதிஞ்சிருக்கிறது தையல். எந்த மீனுக்கும்மா தையல் போட்டிருக்கு? மருமக மீன் வாடைன்னுச்சு, மாமியாரும் அதையேதான் சொன்னாங்க. ஒருத்தர் மட்டும் எண்ணெய் வாடைன்னார். தோல் மெத்துனு வர மீன் எண்ணெய் ஊட்டுவோம். அது தோல் வேலை தெரிஞ்சவனுக்குத்தான் தெரியும்."

ஜெயசீலனின் பார்வை பிளாஸ்திரிக்குப் போய், அங்கிருந்து வாசல் ஷூவுக்கு ஓடியது. "ஐயோ பாய்!"

"ஆமாம்பா. புது ஷூ கடிச்சுது. கவர்ல தண்ணி கட்டி ஷூவுக்குள்ள வெச்சு ஃப்ரீசர்ல போட்டா, ஐஸ் உப்பித் தோலை விரிச்சுடும். இந்தக் கவர் ஒழுகிடுச்சு. நனைஞ்ச தோல்லேர்ந்து எண்ணெய் இறங்கி ஐஸோட உறைஞ்சுடுச்சு. இன்னா கௌதம், சரிதானே?"

கௌதம் தலையைத் தொங்கப் போட்டான். "புரட்டாசியில செருப்பை சமையல்கட்டுக்குள்ள கொண்டாந்தேன்னு தெரிஞ்சா அம்மா சும்மா விடுவாங்களா? ரெண்டு நாள்ல வாடை போய்டும்னு நெனச்சேன்."

"நான் அழுதுகினே துடைச்சப்போ பக்கத்துலதானே நின்னீங்க?" என்றாள் ஜோதி.

உண்மை வெளிவந்துவிட்டது, பை உள்ளே போய்விடும் என்று ஜெயசீலன் சந்தோஷப்பட்டான். ஜோதியோ பையைத் தோளில் மாட்டினாள்.

"நான் வைக்கலன்னு யாராச்சும் சொன்னா போதும்னு நெனச்சேன் பாய். இப்போ அது போதல."

அமிர்தவள்ளி சட்டென்று உள்ளே போனாள். திரும்பி வந்தபோது புடவை மாற்றியிருந்தாள், கையில் குடை.

"இரு, நானும் வர்றேன். நேத்து உங்கம்மாவுக்குப் போன் போட்டு வாய்க்கு வந்ததெல்லாம் பேசிட்டேன். நேர்ல நின்னு மன்னிப்பு கேக்கலன்னா எனக்கு சோறு எறங்காது." மகன் பக்கம் திரும்பினாள். "டேய், அந்த ஐஸை உருக்கிக் கழுவு. உன் பொண்டாட்டி கழுவின மாதிரி மூணு நாள் கழுவு."

இரண்டு பேரும் தெருவில் இறங்கினார்கள். ஜோதி கொஞ்ச தூரம் தூறலில் நனைந்துகொண்டே தனியாக நடந்தாள். தெருமுனையில் மாமியாரின் குடைக்குள் வந்தாள்.