அமீனாசாமி

‘2214 மார்ச் 3. இன்றைய பிழை: தட்டியது யாரென்று கேட்காமல் கதவைத் திறந்துவிட்டேன்.’

பொற்கொடி தன் நாட்குறிப்பில் வழக்கம்போல் அன்றைய பிழையை எழுதும்போது அமீனா வாசலில் நின்றுகொண்டிருந்தது. செவ்வாயில் எல்லாமே ஊதுவீடுகள். நீதிமன்றத்தின் இயந்திர அமீனா வந்து ஆணையைப் படிக்கும், காற்றுத் திருகைக் கழற்றும். வீடு புஸ்ஸென்று இளைத்துத் தரையோடு படுத்துவிடும். அமீனா அதைச் சுருட்டிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு போய்விடும்.

ஊரின் காற்றுக்குழாயை அகலப்படுத்த அவள் வீடு இருந்த இடம் தேவைப்பட்டது. மாற்று வீடு கேட்டு அவள் போட்ட மனு நிலுவையில் கிடந்தது. வெளியேற்றும் வேலையை இயந்திரங்களிடம் கொடுத்த அரசு, மறுகுடியமர்த்தும் வேலையை மட்டும் மனிதர்களிடமே விட்டிருந்தது.

“சாமான்களை எடுக்க அரைமணி அவகாசம்,” என்றது அமீனா.

எதிர்வீட்டுச் சங்கரபாண்டி எட்டிப் பார்த்தார். “என்ன தங்கச்சி, மாலை வகுப்புல சட்டம் படிக்கிற! தப்பிக்க ஒரு வழி சொல்லித் தரலியா?”

“ஒண்ணு இருக்கு அண்ணாச்சி. சரியாப் புரிஞ்சுக்கிட்டேனான்னுதான் சந்தேகம்.”

வழிபாட்டில் உள்ள உருவத்தை உயர்நீதிமன்ற ஆணையின்றி அசைக்கக் கூடாது. பூமியிலிருந்து அப்படியே கொண்டுவந்த சட்டம் அது. பாடக் குறிப்பை இரண்டு முறை சரிபார்த்துவிட்டு, பொற்கொடி அமீனாவின் நெற்றியில் மஞ்சள் பூசிக் குங்குமம் வைத்தாள். காகித மாலை போட்டாள். மின்கற்பூரம் காட்டினாள்.

அமீனாவின் விளக்குகள் கண்சிமிட்டின. “நான் வழிபாட்டில் இருக்கிறேனா?”

“இருக்கீங்க சாமி,” என்று சங்கரபாண்டி கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

அமீனா தன் கால்களைத் தானே பூட்டிக்கொண்டது.

அந்த வாரமே கும்பிட்டுப் போன ஒருவருக்குப் பதவி உயர்வு வந்தது. அப்புறம் கேட்க வேண்டுமா? கூட்டம், உண்டியல், பிரசாதப் பொட்டலம். காற்றுக்குழாய் மரியாதையாக வளைந்து வேறு தெரு வழியாகப் போனது. பொற்கொடி நிம்மதியாகத் தூங்கினாள்.

ஒருநாள் சங்கரபாண்டி பட்டுத் துண்டோடு வந்தார். இப்போது அவர் திருப்பணிக் குழுத் தலைவர். கையில் புதிய ஆணை.

“தப்பா எடுத்துக்காத தங்கச்சி. சாமிக்குப் பிரகாரம் வேணும். உன் வீடு இடிக்குது. நாளன்னைக்கு வேற அமீனா வருது.”

“அப்ப மாற்று வீடு?”

“சாமிகிட்டயே இழப்பீடு கேப்பியா? நல்லா இருக்கே நியாயம்!”

அவள் நீதிமன்றத்துக்கு ஓடினாள்.

“உங்க மனு தள்ளுபடி ஆயிருச்சும்மா,” என்றார் எழுத்தர். “உங்களத்தான் யாருமே காலி பண்ணலையே.”

“இப்பப் பண்றாங்களே சார்!”

“அது கோயில் கேஸ். புது மனு போடுங்க.” அவர் குரலைத் தாழ்த்தினார். “சீக்கிரம் நடக்கணும்னா அமீனாசாமிகிட்ட வேண்டிக்கங்க. எங்க நீதிபதி ஐயாவே வெள்ளிக்கிழமை தவறாம வர்றாரு.”

அன்று மாலை பொற்கொடி வெகுநேரம் யோசித்தாள். அன்றைய பிழை எதுவென்று அவளுக்கு விளங்கவில்லை. அந்த இடத்தைக் காலியாக விட்டுவிட்டு, கீழே எழுதினாள்:

‘நாளை: காலையில் பொது தரிசன வரிசையில் நிற்க வேண்டும். வேண்டுதல், மாற்று வீடு.’