பக்கத்து சீட்டுக்குச் சாட்சி

பேருந்தில் ஏறியதுமே நாத்தனார் ஜன்னலோர சீட்டில் துண்டைப் போட்டு இடம் பிடித்துவிட்டாள். தனக்காக இல்லை, தம்பி மனைவிக்காக.

"நீ உக்காரும்மா. எப்பப் பாரு மெஷினையே பாத்துக்கிட்டு இருக்க. இன்னிக்காவது வெளிய பாரு. எனக்கென்ன, பேச்சுத்துணை கிடைச்சா போதும்."

அந்தப் பேச்சுக்குத்தான் தையல்காரி பயந்தாள். வீட்டு முன்னறையில் மெஷின் போட்டு ஊர்த்துணியெல்லாம் தைப்பவள் அவள். வாயில் குண்டூசி இருக்கும்வரை பேச வேண்டியதில்லை என்பதே அந்தத் தொழிலில் அவளுக்குப் பிடித்த விஷயம். நாத்தனாருக்கோ வாயைக் கட்டிப்போட்டால் கையாவது பேசும். ஊரிலிருந்து வந்து தங்கியிருக்கும் அக்காவுக்கு அருவியைக் காட்டிவிட்டு வா என்று கணவன் இரண்டு டிக்கெட்டை நீட்டியபோதே, நாள் எப்படிப் போகும் என்று இவளுக்குத் தெரிந்துவிட்டது.

வழிகாட்டி ஒல்லியான ஆள். கையிலிருந்த மைக்கை ஒரு நொடியும் கீழே வைக்காததால், நாத்தனார் அவனுக்கு அங்கேயே 'மைக்கு' என்று பேர் வைத்துவிட்டாள்.

"இந்த வண்டியில ஒரே ஒரு விதிதான்" என்றான் அவன். "நான் தலை எண்ண மாட்டேன். உங்க பக்கத்து சீட்டுக்கு நீங்கதான் சாட்சி. கிளம்பறப்ப ஒவ்வொருத்தரையா கேப்பேன், பக்கத்து சீட்டு வந்தாச்சான்னு. வந்திருந்தா வந்தாச்சுன்னு சொல்லுங்க. வரலன்னா வண்டி நகராது."

"ஏன் தம்பி, எண்ணத் தெரியாதா?" என்றாள் நாத்தனார். வண்டியே சிரித்தது.

மைக்கும் சிரித்தான். பிறகு மைக்கை இறக்கிவிட்டு, அவர்களுக்கு மட்டும் கேட்கும்படி சொன்னான்.

"முன்னாடி எண்ணிக்கிட்டுத்தான் இருந்தோம்மா. ஒருதடவை எண்ணிக்கை சரியாத்தான் இருந்துச்சு. ஆனா ஒரு பொம்பளைய அருவியிலயே விட்டுட்டு வந்துட்டோம்."

"எண்ணிக்கை சரின்னா அப்புறம் எப்படி?"

"அதுதாம்மா இன்னிவரைக்கும் புரியல."

மைக்கை மறுபடி உயர்த்தி, அருவியின் உயரத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தான்.

அருவியைக் கண்ணால் பார்ப்பதற்கு வெகு முன்பே காதால் கேட்க முடிந்தது. முதலில் தூரத்தில் லாரி போவது மாதிரி ஓர் உறுமல். பிறகு வண்டியின் கண்ணாடி நடுங்கியது. இறங்கியபோது காற்றே ஈரமாக இருந்தது. பாசியும் பழைய பாறையும் கலந்த வாடை, பல நாள் பூட்டிக்கிடந்த குளியலறையைத் திறந்தது போல மூக்கில் ஏறியது. ஆளுக்கொரு மஞ்சள் பிளாஸ்டிக் மழைக்கோட்டு கொடுத்தார்கள். போட்டுக்கொண்டதும் யார் யாரென்று யாருக்கும் தெரியவில்லை. நாத்தனாருடைய கோட்டின் தலைமூடி ஓரத்தில் கிழிந்திருந்தது. தொழில் புத்தி விடுமா? தையல்காரி தன் பையிலிருந்து ஒரு ஊக்கை எடுத்து அதைக் குத்திவிட்டாள்.

"பாத்தீங்களா, கை அப்படி" என்று நாத்தனார் பக்கத்தில் நின்றவர்களிடமெல்லாம் பெருமையடித்தாள்.

அங்கே விசேஷமே அருவிக்குப் பின்னால் போகும் பாதைதான். பாறையைக் குடைந்த வழி. ஒரு பக்கம் கரிய சுவர், மறுபக்கம் விழுந்துகொண்டே இருக்கும் வெள்ளைத் தண்ணீர். சாயங்காலம் மேலே அணையைத் திறப்பார்கள், அந்தப் பாதை முழுகிவிடும், அதற்குள் எல்லாரும் மேலே வந்துவிட வேண்டும் என்று மைக்கு தொண்டை கிழியச் சொல்லியிருந்தான்.

அந்தப் பாதையில்தான் அது நடந்தது. அருவியின் சத்தத்தில் ரகசியம்கூட கத்தித்தான் பேச வேண்டும். நாத்தனார் முன்பின் தெரியாத ஒருத்தியிடம் கத்திக்கொண்டிருந்தாள்.

"தங்கமான பொண்ணு! குழந்தைதான் இல்ல! டாக்டர்கிட்ட பாத்தாச்சு, என் தம்பிக்கு ஒரு குறையும் இல்லையாம்! இவகிட்டதான்!"

பாறை அதை வாங்கி, திருப்பித் திருப்பிச் சொன்னது. அந்த முன்பின் தெரியாதவள் தையல்காரியைத் திரும்பிப் பார்த்து, உச்சுக்கொட்டினாள்.

தையல்காரி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். வந்த வழியே திரும்பி நடந்தாள். படியேறினாள், கோட்டைக் கழற்றிக் கொடுத்தாள், பேருந்தில் ஏறித் தன் ஜன்னலோரத்தில் உட்கார்ந்தாள். முகம் தீயாய் எரிந்தது. கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

ஒவ்வொருவராக ஏறினார்கள். மைக்கு கையிலிருந்த பட்டியலில் குறித்துக்கொண்டு, நிமிர்ந்து பார்க்காமலே பின்சீட்டிலிருந்து கேட்டுக்கொண்டே வந்தான். பக்கத்து சீட்டு வந்தாச்சா? வந்தாச்சு. வந்தாச்சா? வந்தாச்சு.

நாத்தனார் வரவில்லை. அது தையல்காரிக்கு நன்றாகத் தெரியும். பின்னாலேயே இதே கம்பெனியின் இன்னொரு வண்டி வரும் என்று காலையில் யாரோ சொன்னது ஞாபகம் வந்தது. அதில் வரட்டும். கொஞ்ச நேரம் தனியாக நின்று தவிக்கட்டும். இன்றைக்கு ஒருநாள், வீடு போய்ச் சேரும்வரை, அந்தக் குரல் காதில் விழாமல் இருந்தால் போதும்.

"பக்கத்து சீட்டு வந்தாச்சாம்மா?"

"வந்தாச்சு" என்றாள், கண்ணைத் திறக்காமலே.

கதவு மூடியது. வண்டி நகர்ந்தது.

பக்கத்து சீட்டு அமுங்கியது.

வந்துவிட்டாளா! கடைசி நிமிஷத்தில் ஓடிவந்து ஏறியிருக்கிறாள். ஒரு பக்கம் எரிச்சல், மறுபக்கம், பொய் சொன்ன பாவம் தன்னை விட்டுப் போனதே என்ற நிம்மதி. கண்ணைத் திறக்க மனம் வரவில்லை. இப்போது ஆரம்பிப்பாள் பேச்சை, என்று காத்திருந்தாள்.

பேச்சு ஆரம்பிக்கவில்லை.

வண்டி மலைப்பாதையில் வளைந்து வளைந்து இறங்கியது. பனி ஜன்னலை மூடியது. உள்ளே விளக்கைப் போட்டார்கள். பாசி வாடை வரவர அதிகமாகியது. எங்கோ சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழும் சத்தம். தையல்காரியின் இடது கை, பக்கத்துத் தோளில் பட்ட இடத்தில், மரத்துப்போனது. கோபமாக இருக்கிறாள் போலும் என்று நினைத்தாள். தன் மேல்தான் தப்பு என்றும் நினைத்தாள்.

"அண்ணி" என்று மெல்லக் கூப்பிட்டுக் கண்ணைத் திறந்தாள்.

மஞ்சள் கோட்டு. தலைமூடி முகத்தை மறைத்திருந்தது. கைகள் மடியில், கோட்டின் கைக்குள்ளேயே இருந்தன.

கோட்டைத் திருப்பிக் கொடுக்காமல் யாரையும் வண்டியில் ஏற்ற மாட்டார்களே.

அவள் கண் தானாகத் தலைமூடியின் ஓரத்துக்குப் போனது.

கிழிசல் இல்லை. ஊக்கும் இல்லை.

 வேறு யாரோ சீட்டு மாறி உட்கார்ந்திருக்கிறார்கள் என்று சமாதானம் சொல்லிக்கொள்ளப் பார்த்தாள். அந்த நேரம் பார்த்து அவள் போன் அடித்தது. திரையில் 'அண்ணி' என்று இருந்தது.

பக்கத்திலிருந்த தலை லேசாக அவள் பக்கம் சாய்ந்தது. அதுவும் காது கொடுக்கிறது.

"ஏம்மா, எங்க இருக்க?" அருவியின் இரைச்சலுக்கு நடுவே அந்தக் குரல். "பத்திரமா இருக்கியா? திடீர்னு உன்னைக் காணோமேன்னு நான் அந்தப் பாறை வழியிலயே தேடிக்கிட்டு இருந்தேன். வழுக்கி எங்கயாவது விழுந்துட்டியோன்னு உசிரே போச்சு. மேல வந்தா பஸ்ஸைக் காணோம். ஒருத்தரும் இல்ல இங்க. நீ கீழதான் இருக்கியா? நான் மறுபடி இறங்கிப் பாக்கட்டுமா?"

"இறங்காதீங்க!" என்று கத்தினாள். "அண்ணி, இறங்காதீங்க! அணை..."

தொடர்பு அறுந்தது. திரும்பத் திரும்ப அடித்தும் மணி போகவில்லை.

தேடிக்கொண்டிருந்தாளாம். இவளைத் தேடிக்கொண்டுதான் அவள் பின்தங்கியிருக்கிறாள்.  தையல்காரிக்கு நெஞ்சிலே குத்திய ஊசி முறிந்து உள்ளேயே நின்றுவிட்டது போலிருந்தது.

"அண்ணா! மைக்கு அண்ணா! வண்டியை நிறுத்துங்க. எங்க அண்ணி அங்கேயே இருக்காங்க."

மைக்கு முன்சீட்டிலிருந்து எழுந்து வந்தான். அவளைப் பார்த்தான். அவள் பக்கத்தில் பார்த்தான்.

"என்னம்மா விளையாடறீங்க? உங்க பக்கத்துலதானே உக்காந்திருக்காங்க."

"இது அவங்க இல்ல."

"நீங்கதானேம்மா வந்தாச்சுன்னு சொன்னீங்க?"

பின்சீட்டில் ஒருத்தி சிரித்தாள். யாருக்கும் அந்தக் கோட்டில் தப்பாக ஒன்றும் தெரியவில்லை. சாட்சி சொல்லியாயிற்று, சீட்டில் ஆள் இருக்கிறது, வண்டி போகிறது.

"பின்னாடி இன்னொரு வண்டி வருதா? அதுலயாவது ஏத்திக்கச் சொல்லுங்க."

"இன்னிக்கு நம்ம வண்டி ஒண்ணுதாம்மா. ஆள் சேரலன்னு அதை எடுக்கல."

அந்தக் கோட்டிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டே இருந்தது. அவள் செருப்பு நனைந்தது. ஜன்னலோரத்தில் அவள் மாட்டிக்கொண்டிருந்தாள். வெளியே போக வேண்டுமானால் அதைத் தாண்டித்தான் போக வேண்டும்.

அது மெல்ல, மிக மெல்ல, அவள் பக்கம் முகத்தைத் திருப்ப ஆரம்பித்தது.

பார்க்கக் கூடாது என்று மட்டும் தெரிந்தது. மைக்கின் முகத்தையே பார்த்துக்கொண்டு, வண்டி முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

"நான் பொய் சொன்னேன். அண்ணி வரலன்னு எனக்குத் தெரியும். தெரிஞ்சேதான் வந்தாச்சுன்னு சொன்னேன். அவங்க மேல கோவம். விட்டுட்டுப் போகணும்னுதான் சொன்னேன்."

பின்சீட்டில் சிரித்தவள் எழுந்து எட்டிப் பார்த்தாள்.

மைக்கின் கண் பக்கத்து சீட்டுக்குப் போனது. அவன் முகத்தில் ஈயாடவில்லை.

சீட்டு காலியாக இருந்தது. நடுவில் ஒரு குழி, அதில் தண்ணீர் தேங்கியிருந்தது.

"வண்டியைத் திருப்பு" என்றான் டிரைவரிடம். மைக் இல்லாமலே.

நாத்தனார் அருவியின் நுழைவு கேட்டுக்குப் பக்கத்தில் நின்றிருந்தாள். மூடிய டிக்கெட் கவுண்டரில் சாய்ந்து, மஞ்சள் கோட்டோடு, நடுங்கிக்கொண்டு. கீழே அருவியின் சத்தம் மாறியிருந்தது. பாதை முழுகிவிட்ட சத்தம் அது. தையல்காரி ஓடிப்போய் முதலில் தலைமூடியைத் தொட்டுப் பார்த்தாள். ஊக்கு இருந்தது. கையைப் பிடித்தாள். ஜில்லென்று இருந்தாலும் உள்ளே சூடு இருந்தது. கட்டிக்கொண்டு அழுதாள்.

"அட, ஏன் அழற? எனக்கு ஒண்ணும் ஆகல. பாதி வழி இறங்கினேன், படியில தண்ணி வந்துடுச்சு, ஏறி வந்துட்டேன்."

வண்டியில் யாரும் நாத்தனாரின் முகத்தைப் பார்க்கவில்லை. யாரும் எதுவும் சொல்லவும் இல்லை. ஈர சீட்டில் ஒரு போர்வையைப் போட்டு உட்கார வைத்தார்கள். அவள் தம்பி மனைவியின் கையைத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள்.

"நீ இல்லன்னா இன்னிக்கு நான் இல்ல. வண்டியையே திருப்ப வச்சியே. என் வாய் சும்மா இருக்காதும்மா. அங்க நான் என்னமோ சொல்லிட்டேன். நீ முகம் சுருங்கிப் போனதைப் பாத்தேன். மன்னிச்சுக்க." கொஞ்ச நேரம் கழித்துக் கேட்டாள், "ஆமா, வண்டி கிளம்பறப்ப நான் வரலன்னு நீ கவனிக்கலையா?"

இப்போது சொல்லிவிடலாம். முன்சீட்டில் மைக்கின் முதுகு விறைத்துக்கொண்டு காத்திருந்தது. வண்டியே காத்திருந்தது.

ஆனால் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருக்கும் அந்த முகத்தைப் பார்த்து எப்படிச் சொல்வது?

"இல்ல அண்ணி" என்றாள் தையல்காரி. "கண் அசந்துட்டேன். நீங்க வந்துட்டீங்கன்னு நினைச்சேன்."

"அதானே பாத்தேன்" என்று அவள் கன்னத்தைத் தட்டினாள் நாத்தனார்.

எங்கோ பின்னால், காலியாக இருந்த ஒரு சீட்டு அமுங்கும் சத்தம் கேட்டது.

தையல்காரி திரும்பிப் பார்க்கவில்லை. வீடுவரை திரும்பவே இல்லை. இறங்கும்போது மைக்கு எதையோ சொல்ல வாயெடுத்தான். அவளுக்குப் பின்னால் பார்த்தான். சொல்லாமல் ஒதுங்கி வழிவிட்டான்.

மாடிப்படி ஏறும்போது நாத்தனார் வழக்கம்போல் பேச ஆரம்பித்திருந்தாள். அந்தக் குரல் இவ்வளவு இனிமையானது என்று தையல்காரிக்கு இத்தனை நாள் தெரியாமல் போயிற்று. நாளைக்குச் சொல்லிவிடலாம், நிச்சயம் நாளைக்கு, என்று நினைத்துக்கொண்டே மணியை அடித்தாள்.

கணவன் கதவைத் திறந்தான். அக்காவின் பையை வாங்கிக்கொண்டான். பிறகு மனைவியின் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்துச் சிரித்தான்.

"யாரு, கூட வந்தவங்களா? ஏன் வெளியவே நிக்க வச்சிருக்க? பாவம், தொப்பலா நனைஞ்சிருக்காங்க. உள்ள வரச் சொல்லு."

"யாரு?" என்று நாத்தனாரும் திரும்பிப் பார்த்தாள். யாரைக் கண்டாலும் வரவேற்கும் குணம் அவளுக்கு. "அட, ஆமா. வாம்மா, உள்ள வா."

ஊரில் அன்று மழையே பெய்யவில்லை.