இன்னொருக்கா

படச்சுருள் முடியவில்லை. சென்னியப்பன் எடுத்தது நூறடிதான். இந்நேரம் தீர்ந்திருக்க வேண்டும். ஏலக்காய்க் கிட்டங்கியின் கதவிடுக்கைச் சாக்கால் அடைத்து, பட்டப்பகலை வெளியே நிறுத்திவிட்டு, சிவப்பு விளக்கின் முன்னால் ஈரச்சுருளை விரலால் தள்ளித் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தான். மருந்துநீரின் நெடி தொண்டையில் கரித்தது, தகரக்கூரையில் மழை இரைந்தது, அந்த இரைச்சலுக்குள்ளே காமிராக் கைப்பிடி சுற்றும் சத்தமும் கேட்பதுபோலிருந்தது. காமிரா மூலையில், பூட்டிய பெட்டிக்குள் இருந்தது.

போடிமெட்டுப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தைச் சீமைத் துரைமாருக்குக் காட்டுவதற்காகப் படமெடுக்க வந்தவன் அவன். முந்தாநாள் வேலுத்தாய் கொழுந்துக்கூடையோடு சரிவேறி வந்தது முதல்முறையே படத்தில் நன்றாக விழுந்திருந்தது. ஆசை விடவில்லை.

"இன்னொருக்கா ஏறி வா அம்மணி" என்றான்.

அவனுடைய கொழிஞ்சாம்பாறைக் கொங்குப் பேச்சைக் கேட்டு அவள் சிரித்தாள். சிரித்தபடியே இறங்கி, மறுபடி ஏறினாள். மண் சரிந்தது. தேயிலைத் தூரொன்றைப் பிடித்துத் தொங்கியபடி அவனை நோக்கிக் கை நீட்டினாள். நாலே எட்டுதான். அவன் போகவில்லை. கைப்பிடிக்கு நொடிக்கு இரண்டு சுற்று. கை நின்றால் படம் கெட்டுவிடும். தூர் பிடுங்கிக்கொண்டு அவள் பள்ளத்துக்குள் போகும்வரை ஒன்று, இரண்டு என்று எண்ணி எண்ணிச் சுற்றினான். சீ, என்ன பிறவி!

இன்று காலையில் அவள் புருஷன் அழகுமலை வந்திருந்தான்.

"அவ விழுந்து செத்தத நீங்க பாக்கலயாய்யா?"

"இல்லீங்க. பொட்டியக் கட்டிட்டு இருந்தேனுங்க."

அழகுமலை நம்பினான். கும்பிட்டுவிட்டுப் போனான். அந்தக் கும்பிடு நெஞ்சை அறுத்தது. வேறு யாரும் பார்க்குமுன் அந்தத் துண்டை வெட்டி எரித்துவிட வேண்டும்.

அந்த இடம் வந்தது. நீட்டிய கை. பிறகு வெறும் சரிவு. கத்தரியை எடுத்தான்.

அதற்குப் பிறகும் படம் இருந்தது.

பள்ளத்திலிருந்து எடுத்த படம். மேலே, காமிராவுக்குப் பின்னால், அவன். கறுப்பும் வெளுப்பும் இடம் மாறிய நெகட்டிவில் அவன் கண்கள் கரியாக இருந்தன. சுருளைத் தள்ளினான். கிட்டத்தில் அவன். இன்னும் கிட்டத்தில். பிறகு தோட்டத்துப் பாதை. கூலியாட்களின் லயத்து வீடுகள். கிட்டங்கிக் கதவு.

வெளியே ஈரக்கால் சத்தம். சாக்கு நகர்ந்தது.

சுருளில் அடுத்த கட்டம். விளக்கு. அவன் முதுகு.

திரும்பவில்லை. சேற்று வாடை. கழுத்தில் மூச்சு.

"ஏறி வந்துட்டேன்யா" என்றாள். பிறகு, சிரிப்போடு, அவன் பேச்சிலேயே: "இன்னொருக்கா எடுங்க."

கத்தரி விழுந்தது. அவன் வலக்கை தானாக எழுந்து காற்றில் சுற்றத் தொடங்கியது. ஒன்று. இரண்டு. அன்று நீட்டாத இடக்கையை, மண் அப்பிய விரல்கள் இறுகப் பற்றின.