ஒரு நிமிஷம் பேசக்கூடாது

பழங்காநத்தத்தில் எங்கள் வீட்டு வாசற்கதவு கிறீச்சிட்டால் திருப்பரங்குன்றத்து மயில்கள் பதறிப் பறக்கும். நம்பலாம். மின்வாரியத்தில் முப்பத்தாறு வருஷம் மீட்டர் பார்த்தவன்; ஒரு யூனிட்கூடக் கூட்டிச் சொன்னதில்லை.

அந்தக் கதவைத் தள்ளிக்கொண்டு ஒரு மத்தியானம் மாதங்கி வந்தாள். ஆவணப்படம் எடுக்கிற பெண். அவரவர் இடத்தில் உட்காரவைத்து, அங்கே நடந்ததைச் சொல்லவைத்துப் படம் பிடிப்பாள்.

"இந்த ஆத்துல உங்களுக்கு மறக்க முடியாதது எது மாமா?"

கொல்லைக் கிணற்றில் முதலை பிடித்தது வரை அளந்தேன். சிரித்துச் சிரித்து அவளுக்குப் புரையேறியது.

ஜானுவைப் பற்றி மட்டும் உள்ளதைச் சொன்னேன்.

ஜானு என் ஆத்துக்காரி. அடுக்களையிலிருந்து, "ஏன்னா, இருக்கேளா?" என்பாள். நான் மூச்சுக் காட்டாமல் கதவுக்குப் பின்னால் ஒளிந்து, தேடி வந்ததும் "பே!" என்பேன். கல்யாணமான நாளிலிருந்து இந்த விளையாட்டு. போன ஆவணியில் ஒருநாள் மூன்று தடவை கூப்பிட்டாள். நான் வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டிருந்தேன். நாலாவது தடவை கூப்பிடவில்லை. போய்ப் பார்த்தால் மூச்சில்லாமல் தரையில் கிடக்கிறாள். அடுப்பில் ரசம் பொங்கி வழிந்துகொண்டிருந்தது.

மாதங்கி குனிந்து ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். பிறகு, "கடைசியா ஒண்ணு மாமா. யாரும் பேசாம, இந்த ஆத்தோட வெறும் சத்தத்தை ஒரு நிமிஷம் பதியணும். எடிட்டிங்குக்கு வேணும். இருமக்கூடப்படாது."

"எனக்கும் ஒரு ஹெட்போன் குடு. சும்மா உக்காந்தா தூங்கிடுவேன்."

தந்தாள். ஃபேனை நிறுத்தினாள். ஃபிரிட்ஜையும்.

கடிகாரம். தூரத்தில் ஒரு ஆட்டோ. அப்புறம் அதுவும் இல்லை.

ரசம் கொதிக்கிற சத்தம்.

மிளகும் பூண்டும் மணந்தது. நான் அடுப்பு மூட்டி மாசக்கணக்காகிறது, மெஸ் சாப்பாடுதான்.

"ஏன்னா, இருக்கேளா?"

வாயைத் திறந்தேன். மாதங்கி சட்டென்று உதட்டில் விரல் வைத்தாள். சர்க்கார் உத்தியோகம் பார்த்த உடம்பு. விரலைக் கண்டதும் அடங்கிவிட்டது.

"ஏன்னா?"

மாதங்கிக்கும் கேட்டிருக்கிறது. முகம் வெளுத்துவிட்டது. விரல் மட்டும் இறங்கவில்லை.

மூன்றாவது தடவை, குரல் என் காதோரமே வந்து தேடியது. நான் மாதங்கியின் விரலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிறகு வாசற்கதவு கிறீச்சிட்டது.

"இருக்கேன்டி!"

ஹெட்போனைப் பிடுங்கி எறிந்துவிட்டுக் கத்தினேன். மாட்டுத்தாவணி வரை கேட்டிருக்கும். கதவு விரியத் திறந்து கிடந்தது. தெருவில் வெயில்தான் நின்றது.

நாலாம் நாள் மாதங்கி போன் பண்ணினாள். மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டின் இரைச்சலை ஒரு நிமிஷம் பதிந்தாளாம். நடுவிலே ஒரு பொம்மனாட்டி குரல்: "எங்காத்துக்காரரைப் பாத்தேளா?"

"அங்க யாருமே அப்படிக் கேக்கலை மாமா," என்று கிசுகிசுத்தாள்.

நேற்று சோழவந்தான் வெற்றிலைக் கொடிக்காலில் பதிந்திருக்கிறாள். அதே கேள்வி. இன்னும் மெலிந்து, இன்னும் தள்ளி.

நான் வாசற்கதவைச் சாத்துவதில்லை. எழுந்ததிலிருந்து படுக்கிறவரை, "இருக்கேன், இங்கதான் இருக்கேன்" என்று சொல்லிக்கொண்டே இருக்கிறேன். திருப்பரங்குன்றத்து மயிலெல்லாம் கேட்டிருக்கும். கேட்க வேண்டியவளுக்குக் கேட்கவில்லை.

அடுக்களையில் ரசம் கொதிக்கிற சத்தமும் நிற்கவில்லை. அணைக்கலாம் என்று போனால், அடுப்பில் தீ இல்லை.