எட்டுத் தரம் பார்த்த குழி

முதலில் தெரிந்தது சப்பாத்து.

அதற்குள் ஒரு கால் இருந்தது!

தண்ணீர் அள்ள வந்த ஸம்ஸியா குடத்தைப் போட்டுவிட்டு அலறினாள். வேலிக்கு அந்தப் பக்கம் சீனிமுகம்மது மீன் காயவைக்கும் கருவாட்டு வாடி. இரவு மழைக்கு அதன் மீன் கழிவுக் குழி பொங்கி... அந்தக் காலை மேலே தள்ளியிருந்தது!

1979ஆம் வருஷம். கல்முனைக்குத் தெற்கே ஒரு கடற்கரை ஊர். பெயர் வேண்டாம், பட்டின சபைக்காரர்கள் கோபிப்பார்கள்.

சபைத் தொழிலாளி குணம் கயிறு போட்டு இழுத்தான். வெளியே வந்தவர் செல்லத்தம்பி. சபையின் சுகாதாரப் பரிசோதகர்!

மூக்கைப் பொத்தியபடி நின்ற சப் இன்ஸ்பெக்டர் புண்ணியமூர்த்தி முதலில் ஸம்ஸியாவைத்தான் பிடித்தார். காரணம் இருந்தது. கழிவு ஊறிக் கிணறு நாறுகிறது, குழியை மூடுங்கள் என்று அவள் சபைக்கு எட்டு மனுப் போட்டிருந்தாள். எட்டுக்கும் செல்லத்தம்பியின் பதில் ஒன்றுதான்.

'நேரில் பார்வையிட்டேன். துர்நாற்றம் இல்லை.'

அந்த மனிசனைக் குழிக்குள் இறக்கினால்தான் மணம் தெரியும் என்று போன மாதம் அவள் சபை வாசலில் நின்று கத்தினாள். ஊரே கேட்டது. இப்போது வேலியோரம் நின்று ஊரே அதைப் பொலிசுக்குச் சொல்லியும் கொடுத்தது.

"சொன்னதச் செஞ்சிட்டாய் போல," என்றார் புண்ணியமூர்த்தி.

"வாயாலதான் சொன்ன சேர். எனக்கு அவர்ர மொகமே தெரியா. ஒரு நாளும் இஞ்சால வந்ததில்ல."

"எட்டுத் தரம் வந்த எண்டு எழுதியிருக்காரே?"

"அவரிட்டயே கேளுங்க."

அதற்கு வழியில்லை.

ஜீப்பில் ஏறச் சொன்னார். ஸம்ஸியா முக்காட்டை இழுத்துவிட்டாள். புருஷன் இல்லாத வீடு. அவளும் போனால் இரண்டு பெண் பிள்ளைகளுக்கும் மிச்சம் அந்த நாறிய கிணறுதான்...

ஏறுமுன் ஒரு கடிதத்தை நீட்டினாள். எட்டாவது பதில். முந்தின நாள்தான் தபாலில் வந்தது. திகதி, மூன்று நாளுக்கு முந்தியது.

பிரேதத்தைப் பார்த்த டாக்டரோ, ஆள் செத்துப் பத்து நாளாவது இருக்கும் என்கிறார்!

அப்படியென்றால் குழிக்குள் கிடந்துகொண்டே எழுதியிருக்கிறார்... துர்நாற்றம் இல்லை என்று!

ஜீப் சபைக்குப் பறந்தது. கிளாக்கர் காலிதீன் ஐந்து நிமிஷம் தாக்குப்பிடித்தார். பிறகு மேசை லாச்சியைத் திறந்தார். உள்ளே ஒரு கட்டுப் படிவம். எழுத்து இல்லை, செல்லத்தம்பியின் கையெழுத்து மட்டும் இருந்தது. மனு வந்தால் பெயரையும் திகதியையும் அதே பதிலையும் காலிதீன் நிரப்புவார். சபையின் நடைமுறை அது.

"பத்து நாளா ஆளக் காணல்ல, தேடல்லியா?"

"அவர் வந்தாலும் ஒண்டுதான், வராட்டியும் ஒண்டுதான் சேர். கையெழுத்து இரிக்கிதே."

பிறகு ஏன் குழிப் பக்கம் வந்தார்? ஏழாவது மனுவின் பிரதியை ஸம்ஸியா அரசாங்க மேலதிகாரி ஏ.ஜீ.ஏ.யின் கந்தோருக்கும் அனுப்பியிருந்தாள். குழியை அளந்து வரைபடம் அனுப்பு என்று அங்கிருந்து செல்லத்தம்பிக்கு உத்தரவு. வெறும் கையெழுத்து படம் வரையுமா! பிரேதத்தின் சட்டைப்பையில் அளவு நாடா இருந்தது.

புண்ணியமூர்த்திக்கு எல்லாம் விளங்கியது.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ நேரம் பார்த்து வந்திருக்கிறார். ஆண்கள் எல்லாரும் பள்ளிவாசலில். ஏழு தரம் பார்வையிட்டதாக எழுதிக்கொடுத்த மனிதர், குழி எங்கே என்று யாரிடம் கேட்பது? குழியின் மேல் தென்னோலைக் கிடுகு பரப்பியிருந்தது. அதன் மேலேயே ஏறி நின்று குழியைத் தேடினார்...

கூப்பிட்டிருப்பார். பள்ளி ஒலிபெருக்கிச் சத்தத்தில் யாருக்கும் கேட்கவில்லை. தொழுதுவிட்டு வந்த வாடிக்காரர்கள் எட்டிப் பார்க்காமல் கூடை கூடையாகக் கொட்டினார்கள்!

ஜீப்பில் ஸம்ஸியாவுக்கு வைத்திருந்த இடத்தில் சீனிமுகம்மது ஏறினார். பக்கத்தில் காலிதீன்.

அன்று அஸர் தொழுகைக்கு முன்னம் சபை டிராக்டர் மணலோடு வந்தது. சேர்மனே நின்று குழியை மூடுவித்தார். இனி ஏதும் குறை உண்டா என்று ஸம்ஸியாவிடம் பணிவாகக் கேட்டார்.

"என்ன கொற சேர்மன். எட்டு மனுவுக்கு நடக்காத வேல, அவர் ஒருக்கா நேர வந்து பாத்தாப்போல முடிஞ்சிரிச்சே."